இடுப்பில் ஏறிய பிள்ளை: பேய்ச் சிரிப்பும் பிள்ளை வளர்ப்பும்

'காஞ்சனா 2' திரைக்கு வந்தது 2015 ஏப்ரல் 17. 'காஞ்சனா 3' வந்தது 2019 ஏப்ரல் 19. கோடை விடுமுறையை மனத்தில் வைத்துக் குறித்த தேதிகளாகத்தான் இருக்கும். வட சென்னையின் காசிமேட்டில் மட்டும் அந்தத் தேதிகளுக்கு வேறொரு பொருத்தமும் அமைந்துபோனது. கிழக்குக் கடற்கரையில் மீன்பிடித் தடைக்காலம் தொடங்குவது ஏப்ரல் 15. முன்பு 45 நாள், 2017 முதல் 61 நாள். விசைப்படகுகள் துறைமுகத்தில் ஒன்றையொன்று உரசிக்கொண்டு கட்டிக்கிடக்கும். நாள்கணக்கில் கடலில் கிடக்கும் அப்பாக்கள் அந்த நாள்களில்தான் வீட்டில் இருப்பார்கள். பிள்ளைகளுக்கும் பள்ளி இருக்காது. குடும்பமே ஒரே வரிசையில் உட்கார்ந்து படம் பார்க்கக்கூடிய பருவம் அது.

அப்படி உட்கார்ந்தவர்கள் எதைப் பார்த்துச் சிரித்தார்கள்? மீசை முளைத்த ஓர் ஆண்பிள்ளை, பேய் என்று சொன்னதும் தாவி அம்மாவின் இடுப்பில் ஏறிக்கொள்கிறான். கோவை சரளா அவனைச் சுமந்துகொண்டு தள்ளாடுகிறார். பொழுது சாய்ந்தால் வாசலைத் தாண்டமாட்டான். கழிவறைக்குப் போகத் துணை வேண்டும். ராகவா லாரன்ஸ் 2007இல் 'முனி'யில் தொடங்கி நான்கு படங்களாக இந்த ஒரே ஆளைத்தான் நடித்துவருகிறார். பேயின் பெயர் மாறுகிறது, கதாநாயகி மாறுகிறார், இந்த இடுப்பு மட்டும் மாறவில்லை.

இந்தப் படங்களைப் பற்றி எழுதியவர்கள் பெரும்பாலும் பேயைப் பற்றி எழுதினார்கள். 'காஞ்சனா'வில் சரத்குமார் ஏற்ற திருநங்கை வேடம் பற்றி நிறையப் பேச்சு நடந்தது. அது தேவையான பேச்சும்கூட. நான் இங்கே கேட்க நினைப்பது வேறு. இந்தப் பிள்ளையை இப்படி வளர்த்தது யார்? அடியும் மிரட்டலும்தான் ஒழுக்கம் என்று நம்பும் வீடுகளுக்கு, பேயை வைத்துச் சிரிக்கவைக்கும் படங்கள் எதைச் சொல்கின்றன? வட சென்னையின் துறைமுகப் பக்கத்திலிருந்து பார்த்தால் இந்தக் கேள்வி கொஞ்சம் கூர்மையாகவே தெரிகிறது.

பூச்சாண்டி இல்லாமல் சோறு உண்ட தமிழ்க் குழந்தை அரிது. "கம்முனு துன்னு, இல்லனா பூச்சாண்டி வந்து புட்ச்சிக்கினு பூடுவான்" என்று ஆயாமார் சொல்லாத தெரு ராயபுரத்தில் இருந்திருக்காது. பூச்சாண்டி போக சாக்குப் பைக்காரன், பிள்ளை பிடிக்கிறவன், புளியமரத்து முனி, போலீஸ்காரர், ஊசி போடும் டாக்டர் என்று பட்டியல் நீளும். கவனித்துப் பார்த்தால், அம்மா தன் கையால் அடிக்கத் தயங்கும் இடத்தில்தான் இவர்கள் எல்லாரும் வேலைக்கு வருகிறார்கள். தண்டிக்கும் பொறுப்பை வெளியாள் ஒருவனிடம் ஒப்படைத்துவிட்டு, அவனிடமிருந்து காப்பாற்றுகிறவளாக அம்மா நின்றுகொள்ளலாம். பிள்ளை அவள் மடிக்குள் இன்னும் ஒட்டிக்கொள்ளும். மலிவான, கையில் இரத்தம் படாத வழி.

எண்ணூர் நெடுஞ்சாலை ஓரத்தில் வசிப்பவர்களிடம் போய் இது தப்பு என்று எடுத்த எடுப்பில் சொல்லிவிட முடியாது. வாசலுக்கு ஒரு பக்கம் கடல். அரிப்பைத் தடுக்கக் கொட்டிய கருங்கற்களும் தூண்டில் வளைவுகளும் பிள்ளைகளுக்கு விளையாட்டுத் திடல். அவற்றின் இடுக்கில் அலை இழுப்பது பெரியவர்களுக்கே பிடிபடாது. இன்னொரு பக்கம் துறைமுகத்துக்குப் போகும் கன்டெய்னர் லாரிகளின் வரிசை. அப்பா கடலிலோ ஷிப்டிலோ இருப்பார். விடியாத இருட்டில் மீன் ஏலத்துக்குப் போகிறவர்களில் பெண்கள் ஏராளம். ஆறு வயதுப் பையனைக் கடலிலிருந்தும் லாரியிலிருந்தும் தள்ளி வைக்க வேண்டும், பார்த்துக்கொள்ள ஆள் இல்லை. அலையின் இழுவிசையை விளக்கி அவனுக்குப் புரியவைப்பதைவிட, அந்தக் கல்லுக்கடியில் ஒன்று உட்கார்ந்திருக்கிறது என்று சொல்வது சுலபம். பேய்தான் அங்கே பாலர் பள்ளி நடத்தியது என்று சொன்னாலும் தகும்.

சிக்கல் என்னவென்றால், காவலுக்கு வைத்த பேய் வேலை முடிந்ததும் கிளம்பிப் போவதில்லை. கடலுக்குப் பயப்படச் சொன்னால் பிள்ளை இருட்டுக்குப் பயப்படுகிறது. லாரி கண்ணுக்குத் தெரிவதால் அதற்குப் பயப்பட மறுக்கிறது. லாரன்ஸின் நாயகன் இந்த வளர்ப்பின் முடிவு. பகலெல்லாம் மைதானத்தில் கிரிக்கெட் ஆடுவான், வம்புக்கும் போவான். விளக்கு வைக்கும் நேரத்தில் மூன்று வயதுக்குத் திரும்பிவிடுவான். மிகைப்படுத்திய கேலிச்சித்திரம்தான். ஆனால் அரங்கு முழுக்க ஒரு சேரச் சிரிக்கிறதென்றால், இரவில் துணைக்கு ஆள் தேடிய ஞாபகம் ஒவ்வொருவரிடமும் இருக்கிறது என்று பொருள்.

செத்தவர்களைப் பிள்ளைகளுக்கு அறிமுகப்படுத்த இந்த ஊரில் வேறு முறையும் இருக்கிறது. ஹாலோவீன் என்று மேற்கே கொண்டாடுவது அக்டோபர் 31இன் இரவை. அது புனிதர் அனைவர் பெருவிழாவுக்கு முந்தைய இரவு; அதற்கடுத்து நவம்பர் 2 கல்லறைத் திருநாள். அமெரிக்காவில் முதல் இரவு முகமூடியும் மிட்டாயுமாகப் பெருத்தது. ராயபுரத்துக் கிறித்தவக் குடும்பங்கள் பிடித்துக்கொண்டதோ மூன்றாம் நாளை. காசிமேடு கல்லறைத் தோட்டத்தில் அன்று சமாதிகளைக் கழுவி, பூ வைத்து, மெழுகுவத்தி ஏற்றுவார்கள். பிள்ளைகள் தாத்தாவின் கல்லறைமேல் உட்கார்ந்தே தின்பண்டம் தின்பார்கள். அங்கே யாரும் யாரையும் மிரட்டுவதில்லை. மகா சிவராத்திரியை அடுத்து வரும் மயானக் கொள்ளை இதற்கு நேரெதிர்: அங்காளம்மன் வேடமிட்டு, முகத்தில் வண்ணம் பூசி, ஆவேசத்தோடு மயானத்துக்குப் போகும் ஊர்வலம். குழந்தை பார்த்ததும் அலறும். ஆனால் அந்த அலறலோடு அதைத் தோளில் தூக்கிக்கொண்டு கூட்டத்தோடு நடப்பார்கள். வேடம் கட்டியவர் பக்கத்து வீட்டு மாமா என்று வழியிலேயே சொல்லிவிடுவார்கள். நகரத்தின் தென்பக்க அடுக்ககங்களில் இப்போது பூசணிக்காயும் பிளாஸ்டிக் எலும்புக்கூடும் வருகின்றன. அதைப் பற்றி எனக்குப் புகாரும் இல்லை, வியப்பும் இல்லை.

படங்களுக்கு வருவோம். பேயும் சிரிப்பும் கலப்பது தமிழுக்குப் புதிதல்ல. விட்டலாச்சார்யாவின் மாயமந்திரப் படங்கள் தெலுங்கிலிருந்து வந்து இங்கே கொடிகட்டின. 2005இல் 'சந்திரமுகி'யில் வடிவேலுவின் நடுக்கம் படத்தின் பாதிப் பலம். 2014, 2015 வாக்கில் 'யாமிருக்க பயமே', 'அரண்மனை', 'டார்லிங்' என்று அலை அலையாக வந்தன. பின்னால் சந்தானம் 'தில்லுக்கு துட்டு'வோடு சேர்ந்துகொண்டார். இவற்றில் பலவும் பாழடைந்த பங்களாவில் மாட்டிக்கொண்ட பெரியவர்களின் கதை. பிள்ளை வளர்ப்புக்கும் அவற்றுக்கும் பெரிய தொடர்பு இல்லை, விட்டுவிடலாம்.

விட முடியாதது 'மை டியர் குட்டிச்சாத்தான்'. 1984இல் நவோதயா எடுத்த மலையாளப் படம், இந்தியாவின் முதல் முப்பரிமாணப் படம். தமிழிலும் ஓடியது. பிள்ளைகள் குட்டிச்சாத்தானைப் பார்த்து அஞ்சுவதே இல்லை. அதைக் கட்டிப்போட்ட மந்திரவாதிதான் அவர்களுக்கு வில்லன். கதையில் வரும் சிறுமியின் உண்மையான பயம் வீட்டில் இருக்கிறது, குடிகார அப்பாவின் உருவில். அமானுஷ்யம் தோழனாகிவிட, கண்டிக்கப்பட வேண்டியவர் பெற்றவர் என்று தலைகீழாக்கிக் காட்டியது அந்தப் படம். சாராயத்தின் வாடை தெரிந்த எந்தத் தொழிலாளர் குடியிருப்பிலும் அது பிள்ளைகளுக்கு நேராகப் புரிந்திருக்கும்.

லாரன்ஸ் அந்த வழியில் போகவில்லை. அவருடைய வீடு அன்பான வீடு, ஆனால் நடுங்குகிற வீடு. 'முனி'யில் வினு சக்கரவர்த்தி அப்பாவாக வருகிறார். மகனின் கோழைத்தனம் அவருக்கு மானக்கேடு. திட்டுவார், முறைப்பார், பயன் இருக்காது. 2011 ஜூலை 22 அன்று வந்த 'காஞ்சனா'வில் அந்த அப்பாவின் அதட்டல் இல்லை. அம்மா, அண்ணன், அண்ணி, குழந்தைகள் என்று வீடு மாறிவிட்டது. அதட்ட ஒருவரும் இல்லாததால் சிரிப்பு பல மடங்கு கூடியது. கோவை சரளாவும் தேவதர்ஷினியும் மாமியார் மருமகளாகச் சேர்ந்து பேய் இருக்கிறதா என்று சோதித்துப் பார்க்கும் காட்சிகளை இன்று தொலைக்காட்சியில் போட்டாலும் ஆள் நகர்வதில்லை. அந்தச் சிரிப்பின் ரகசியம், அம்மாவுக்கும் பிள்ளையின் அளவுக்கே பயம் என்பதுதான். பயமுறுத்தி வளர்த்தவளே அந்தப் பயத்தை நம்பத் தொடங்கிவிட்டாள்.

இதே படத்தின் பின்பாதியில் இன்னொரு பெற்றோர் வருகிறார். படம் இங்கேதான் தன் வகையை மீறி உயர்கிறது. ஆண்பிள்ளையாகப் பிறந்து பெண்ணாக உணரும் பிள்ளையை அப்பா அடிக்கிறார், அவமானப்படுத்துகிறார், வாசலுக்கு வெளியே தள்ளுகிறார். அவர் பார்வையில் அதுவும் ஒழுங்குபடுத்தல்தான். ஊர் என்ன சொல்லும் என்ற பயத்திலிருந்து பிறந்த ஒழுங்கு. தெருவுக்கு வந்த காஞ்சனாவுக்கு ஓர் இஸ்லாமியப் பெரியவர் இடம் கொடுக்கிறார். காஞ்சனா தன்னைப்போலவே வீட்டைவிட்டுத் துரத்தப்பட்ட கீதா என்ற பிள்ளையை எடுத்து வளர்த்து, மருத்துவம் படிக்க வைக்கிறாள். படத்தில் நல்ல பெற்றோர் யார் என்று பார்த்தால், பெறாதவர்கள்தான். ஒரு தாய் பிள்ளையை இடுப்பைவிட்டு இறக்கவே இல்லை, ஒரு தந்தை பிள்ளையை வாசலில் நிற்கவே விடவில்லை, காஞ்சனா மட்டும் ஒருத்தியைக் காலூன்ற வைத்தாள். தமிழ்நாட்டில் திருநங்கையர் நல வாரியம் அமைந்தது 2008இல். மூன்றாம் பாலினத்தவரை அங்கீகரித்த உச்ச நீதிமன்றத் தீர்ப்பு 2014 ஏப்ரலில். இரண்டுக்கும் இடையில், விசில் பறக்கும் வெகுசனப் படம் ஒன்று வீட்டுக்குள் நடக்கும் இந்தக் கொடுமையை அப்பாவின் குற்றமாகவே காட்டியது. அதற்குரிய மதிப்பை நம் விமர்சகர்கள் தயங்கித்தான் கொடுத்தார்கள்.

கோழை வீரனாவது எப்படி என்பதையும் பாருங்கள். யாரும் அவனை இருட்டறையில் பூட்டிப் பயம் தெளியவைக்கவில்லை. பேயாக வந்த காஞ்சனாவின் கதையைக் காதுகொடுத்துக் கேட்கிறான். கேட்டபின் தன் உடம்பையே அவளுக்குத் தர முன்வருகிறான். எதற்கு இத்தனை நாள் நடுங்கினானோ அதற்கு ஒரு பெயரும் ஒரு துயரமும் இருப்பது தெரிந்ததும் நடுக்கம் நின்றுவிடுகிறது. 'முனி'யிலும் ஏறக்குறைய இதுதான்: ராஜ்கிரண் ஏற்ற முனியாண்டி, அரசியல்வாதியை நம்பித் துரோகத்தால் செத்த மக்கள் தலைவன். பேய் என்று பயந்ததெல்லாம் அநியாயமாகக் கொல்லப்பட்ட ஏழைகள்.

இந்தக் கோழை எவ்வளவு முக்கியம் என்பதை உறுதிசெய்ய ஓர் எதிர்ச்சான்று கிடைத்திருக்கிறது. லாரன்ஸே இந்தியில் அக்ஷய் குமாரை வைத்து 'லக்ஷ்மி' என்று மறுபடி எடுத்த படம் 2020 நவம்பரில் இணையத்தில் வந்தது. கதை அதே. ஆனால் நாயகன் கோழை அல்ல. பேயே கிடையாது என்று மேடையேறிப் பேசும் பகுத்தறிவுக்காரன். நட்சத்திரத்துக்கு அம்மாவின் இடுப்பு பொருந்தாது என்று நினைத்தார்களோ என்னவோ. அதை எடுத்ததும் படம் சரிந்தது. பிறகு பேய் ஏறுவதும் இறங்குவதும் வெறும் வித்தையாகத் தெரிந்தது. பயந்து வளர்ந்த பிள்ளை இல்லையென்றால் 'காஞ்சனா' இல்லை.

அமெரிக்காவில் இதற்கு நேர் உறவான ஒரு படம் உண்டு. டைலர் பெர்ரி 2016 அக்டோபரில் கொண்டுவந்த 'பூ! எ மாடியா ஹாலோவீன்'. ஹாலோவீன் இரவு. பிரையன் என்ற அப்பாவுக்குப் பதினேழு வயது மகள் டிஃபனி; அவர் சொல்லை அவள் மதிப்பதில்லை, கல்லூரி மாணவர்களின் விருந்துக்குப் போகத் துடிக்கிறாள். அவளைக் காவல் காக்க மாடியா என்ற முரட்டுக் கிழவி வருகிறாள். நம்ம ஊர் 'அவ்வை சண்முகி' மாமிபோல ஆண் நடிகர் பெண் வேடம் கட்டியதுதான்; பெர்ரியே பிரையனாகவும், பிரையனின் அப்பா ஜோவாகவும் வருகிறார். படத்தின் நடுநாயகமான காட்சி ஒரு வாய்ச்சண்டை. மாடியாவும் ஜோவும் அந்தக் காலத்தில் பிள்ளைகளை அடித்த அடியைப் பெருமையாகச் சொல்கிறார்கள். சிறு வயதில் உன்னைக் கூரையிலிருந்தே தூக்கி எறிந்தேன் என்று ஜோ சிரிக்கிறார். பிரையனுக்குச் சிரிப்பு வரவில்லை. தான் அடிவாங்கி வளர்ந்ததால்தான் மகளை அடிப்பதில்லை என்று முடிவெடுத்த மனிதர் அவர். அரங்கம் கிழவர்கள் பக்கம் சிரிக்கிறது. நியாயமோ பிரையன் பக்கம் ஒதுங்கி நிற்கிறது.

எனக்குப் பிடித்த இடம் வேறு. காவலுக்கு வந்த பெரியவர்களைப் படுக்கவைக்க டிஃபனி ஒரு பேய்க்கதை சொல்கிறாள்: இந்த வீட்டில் ஒருவன் தன் குடும்பத்தையே கொன்றான், அவன் ஆவி இன்னும் உலவுகிறது என்று. பெரியவர்கள் போர்வைக்குள் நடுங்க, பிள்ளை வீட்டைவிட்டு நழுவுகிறது. பூச்சாண்டியைப் பிள்ளை கையில் கொடுத்துவிட்டார் பெர்ரி. ஆனால் முடிவில் மறுபடியும் கோலைப் பெரியவர்களிடமே தந்துவிடுகிறார். போலீஸ், கைதிகளின் பேருந்து என்று நாடகமாடி இளைஞர்களைக் கதிகலங்க வைக்கிறார்கள். நன்றாக மிரண்டால் திருந்திவிடுவார்கள் என்பது கணக்கு.

இந்தக் கணக்கை அமெரிக்கர்கள் நிசமாகவே போட்டுப் பார்த்திருக்கிறார்கள். நியூஜெர்சியின் ராவே சிறையில் ஆயுள் கைதிகளிடம் இளங்குற்றவாளிகளைக் கூட்டிப்போய் மிரளவைத்த முயற்சியை 1978இல் ஆவணப்படமாக எடுத்தார்கள். ஆஸ்கர் விருதும் வாங்கியது. ஊர் ஊராக அதைப் பின்பற்றினார்கள். பிற்பாடு ஆய்வாளர்கள் ஒன்பது சோதனைகளின் முடிவுகளைச் சேர்த்துப் பார்த்தபோது, மிரட்டப்பட்டவர்கள் மிரட்டப்படாதவர்களைவிட அதிகமாகக் குற்றம் செய்தது தெரிந்தது. அடிக்கும் இதே கதிதான். 2016இல் கெர்ஷாஃப், குரோகன்-கேலர் இருவரும் ஐம்பது ஆண்டு ஆய்வுகளைத் தொகுத்தார்கள். சுமார் 1,60,000 பிள்ளைகள். பிட்டத்தில் ஒன்று வைப்பது என்று சாதாரணமாகச் சொல்லும் அடிகூட, பிள்ளையின் முரட்டுத்தனமும் மனநலச் சிக்கல்களும் கூடுவதோடுதான் சேர்ந்து காணப்பட்டது. கீழ்ப்படிதல் வளர்ந்ததாகத் தெரியவில்லை. சுவீடன் 1979இலேயே வீட்டில் அடிப்பதையும் தடைசெய்துவிட்டது.

இங்கே சட்டம் பள்ளி வாசலோடு நின்றுவிடுகிறது. தமிழ்நாடு 2003இல் கல்வி விதிகளைத் திருத்திப் பள்ளிப் பிரம்பை ஒழித்தது. 2009ஆம் ஆண்டுக் கல்வி உரிமைச் சட்டத்தின் 17ஆம் பிரிவு உடல் தண்டனையையும் மனத் துன்புறுத்தலையும் தடுக்கிறது. வீட்டுக்குள் நிலைமை வேறு. நல்லெண்ணத்தில், பிள்ளையின் நன்மைக்காகச் செய்தது என்றால் பன்னிரண்டு வயதுக்குட்பட்ட பிள்ளையின் பாதுகாவலருக்குக் குற்றவியல் சட்டம் இன்றும் விலக்கு தருகிறது. இந்தியத் தண்டனைச் சட்டத்தில் 89ஆவது பிரிவாக இருந்தது, பாரதிய நியாய சன்ஹிதாவில் 27ஆகி 2024 ஜூலையில் நடைமுறைக்கு வந்தது. ஒன்றிய அரசு 2007இல் வெளியிட்ட குழந்தைகள் வதை பற்றிய ஆய்வு 13 மாநிலங்களில் 12,447 பிள்ளைகளிடம் பேசியது. மூன்றில் இரண்டு பிள்ளைகள் அடிபட்டிருந்தார்கள். குடும்பத்துக்குள் அடிவாங்கியவர்களில் பத்துக்கு ஒன்பது பேர் அளவுக்கு அடித்தது பெற்றவர்களே. தமிழ்நாடு அந்த 13இல் இல்லை என்று யாரும் நிம்மதியடைய வேண்டியதில்லை.

வட சென்னையை வைத்து எடுத்த படங்கள் இந்த அடியை எப்படிப் பார்த்தன? அவை பேயைத் தொடவில்லை, ஆனால் கையைத் தொட்டிருக்கின்றன. 'காஞ்சனா'வுக்குச் சரியாகப் பத்தாண்டு கழித்து, அதே ஜூலை 22 அன்று வந்தது 'சார்பட்டா பரம்பரை'. அதில் பாக்கியம் வளர்ந்த மகன் கபிலனை அடிவெளுக்கிறாள். குத்துச்சண்டையில் பேர் வாங்கிய புருஷன் ரவுடியாகிச் செத்ததைப் பார்த்தவள் அவள். மகனும் அதே பாதையில் போய்விடக்கூடாது என்ற கலக்கம் அவள் கையில் இறங்குகிறது. துறைமுகத்தில் மூட்டை சுமக்கும் உடம்புக்காரன் குனிந்து வாங்கிக்கொள்கிறான். பார்ப்பவருக்குச் சிரிப்பும் வரும், தொண்டையும் அடைக்கும். அவளுடைய பூச்சாண்டி செத்த புருஷன்தான். அந்த மிரட்டலும் வேலை செய்யவில்லை. கபிலன் மேடையும் ஏறினான், சாராயத்திலும் விழுந்தான். 'பொல்லாதவன்' (2007) படத்தில் வேலையற்ற மகனை அடித்த அப்பா, மகன் எதிர்த்துப் பேசிய பேச்சைக் கேட்டு, கையிலிருந்த பணத்தை எடுத்துக் கொடுத்துவிடுகிறார். அவர் அடித்ததில் எதுவும் மாறவில்லை. மகன் வாய்திறந்து கேட்டபோதுதான் வீடு மாறியது. 'பிகில்' ராயப்பனோ தன் கத்தி மகன் கைக்குப் போகக்கூடாது என்பதையே வளர்ப்பாகக் கொண்ட அப்பா. வட சென்னை என்றாலே ரத்தம் என்று காட்டும் சோம்பேறித்தனம் இந்தப் படங்களிலும் இல்லாமலில்லை. ஆனாலும் அடிக்கும் கைக்குப் பின்னால் எந்தப் பயம் இருக்கிறது என்று கேட்டுப் பார்த்தவை இவை.

லாரன்ஸின் படங்களில் இந்தக் கேள்வி பாதியில் அறுந்துபோகிறது. பேய் ஏறிய மகன் அண்ணனை அறைகிறான், வீட்டிலுள்ள எல்லாரையும் சுழற்றி அடிக்கிறான், தியேட்டர் அதிர்கிறது. கவுண்டமணி, செந்தில் காலத்திலிருந்து அறை என்பது நமக்குச் சிரிப்பின் தாளம்தான், மறுக்கவில்லை. அடிவாங்கும் பெரியவர்களைப் பார்த்துச் சின்னப் பிள்ளைகள் கைகொட்டுவதில் ஒரு பழிதீர்த்த சுகமும் இருக்கும். வாழ்க்கையில் முறை எப்போதும் எதிர்ப்பக்கமாகத்தானே போகிறது. ஆனால் 'காஞ்சனா'வின் இரண்டாம், மூன்றாம் பாகங்களில் அறை மட்டும் மிஞ்சியது, அதன் காரணம் போய்விட்டது. பெண்களின் உடலை வைத்துக் கேலி, நிறத்தை வைத்துக் கேலி, கடைசி அரைமணி நேரம் வெட்டும் குருதியும். குடும்பத்தோடு பார்க்கலாம் என்று விளம்பரம் செய்த படத்தில் எட்டு வயதுப் பிள்ளை கண்ணை மூடிக்கொண்டு உட்கார்ந்திருக்கும் நிலை. 2023இல் திருத்திய திரைப்படச் சட்டம் யு/ஏ சான்றிதழை 7, 13, 16 வயது என்று மூன்றாகப் பிரித்திருக்கிறது. இந்த வகைப் படங்களுக்குத்தான் அது முதலில் தேவைப்பட்டது. ஆனால் வயதைக் கேட்டு டிக்கெட் கொடுக்கும் கவுன்டரை நான் எங்கேயும் பார்த்ததில்லை.

இன்னொரு குறை பெரியது. இந்தப் படங்களில் பயம் எப்போதும் பொய்யானதாகத் தொடங்குகிறது. வீட்டார் சிரிக்க, பிறகு உண்மையாகிறது. எண்ணூரில் பிள்ளைகளுக்குத் தெரிந்த பயம் அப்படிப்பட்டதல்ல. 2023 டிசம்பர் 26 இரவு, உரத் தொழிற்சாலைக்குப் போகும் கடலடிக் குழாயிலிருந்து அம்மோனியா கசிந்தது. பெரியகுப்பம், சின்னக்குப்பம் மக்கள் கண் எரிய, மூச்சு முட்ட, தூங்கிய பிள்ளைகளை இடுப்பிலும் தோளிலும் தூக்கிக்கொண்டு ஓடினார்கள். பலர் மருத்துவமனையில் சேர்க்கப்பட்டார்கள். அதே மாதத் தொடக்கத்தில் மிக்ஜாம் புயல் வெள்ளத்தோடு வந்த எண்ணெய், முகத்துவாரத்துப் படகுகளையும் வலைகளையும் கறுப்பாக்கியிருந்தது. 2004இல் சுனாமி வந்ததும் ஒரு டிசம்பர் 26தான். கண்ணுக்குத் தெரியாத ஒன்று இரவில் வந்து கழுத்தைப் பிடிக்கும் என்று ஆயா சொன்னது இங்கே பொய்யென்று எப்படிச் சொல்வது? அதற்கு வேதிப்பெயர் இருந்தது, அவ்வளவே. அந்த ஆபத்துக்கு வேண்டிய பயிற்சி வேறு: எந்த வாசனை வந்தால் எந்தப் பக்கம் ஓடுவது, ஈரத்துணியை எங்கே கட்டுவது, யாரைக் கூப்பிடுவது. பூச்சாண்டிக்குப் பழகிய பிள்ளை ஆபத்து வந்தால் போர்வையை இழுத்து மூடிக்கொள்ளும். அங்கே போர்வைக்குள் ஒளிந்தால் சாவுதான்.

பேய்ப்படம் எடுப்பவர்கள் ஈசிஆர் பங்களாவை விட்டுவிட்டு இந்தக் குப்பங்களுக்கு ஒருமுறை வரலாம். கதை தயாராக இருக்கிறது, இடுப்பில் பிள்ளையைச் சுமந்து ஓடிய அம்மாக்களும் இருக்கிறார்கள். சிரிப்புக்கும் பஞ்சம் இருக்காது. இந்த ஊர்க்காரர்கள் இழவு வீட்டிலேயே கேலி பேசுகிறவர்கள்.

அதுவரை என் தீர்ப்பு இது. நான்கில் முதல் 'காஞ்சனா' மட்டும் பிள்ளைகளோடு உட்கார்ந்து பார்க்கத் தக்கது, அதுவும் பத்து வயதுக்கு மேல். சண்டைக் காட்சியில் எழுந்து தண்ணீர் குடித்துவிட்டு வரலாம். அப்பா பிள்ளையைத் துரத்தும் காட்சியில் எழுந்திருக்காதீர்கள், அது பிள்ளைக்கு அல்ல, நமக்கு. படம் பார்த்த அன்றிரவு பிள்ளை கழிவறைக்குத் துணைக்குக் கூப்பிட்டால் கேலி செய்யாமல் எழுந்து கூடப் போங்கள்.